தலைச்சன்

கிளினிக் நர்ஸ் அம்சவல்லி மிஸ்ஸி தேதியை மூன்றாவது தடவையாகக் கேட்டபோதுதான், ஏதோ சரியில்லை என்று வசுமதிக்குப் பட்டது.

முதல் தடவை கேட்டது புத்தகத்தில் எழுதிக்கொள்ள. கர்ப்பிணிகளுக்குக் கிளினிக்கில் கொடுக்கும் அந்தத் தடித்த அட்டைப் புத்தகத்தில் அவள் பெயர், புருஷன் பெயர், தோட்டத்து லய வீட்டு எண் எல்லாம் ஏறியிருந்தன. இரண்டாவது தடவை, வயிற்றில் ஜில்லென்ற ஜெல்லைப் பிழிந்து ஸ்கேன் கருவியை வைத்து அழுத்திய பிறகு, சும்மா பேச்சுக் கொடுப்பதுபோல. இது மூன்றாவது. மிஸ்ஸி திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே கேட்டார்.

"கடைசியா பீரியட் வந்தது எப்பன்னு சொன்னீங்க?"

"தைப்பூசத்தன்னிக்கு மிஸ்ஸி."

"நிச்சயமா தெரியுமா? சில பேரு ஒரு மாசம், ரெண்டு மாசம் தப்பா சொல்லிடுவாங்க."

நிச்சயமாகத் தெரியும். தைப்பூசத்தன்று விடியற்காலையில் மஞ்சள் புடவையை இஸ்திரி போட்டுக் கட்டில்மேல் விரித்து வைத்த பிறகுதான் அவள் வீட்டுக்குத் தூரமானாள். லயமே வேன் பிடித்துக் கோயிலுக்குப் போக, அவள் ஒருத்தி மட்டும் அந்தப் புடவையை மடித்து உள்ளே வைத்துவிட்டு வாசலில் உட்கார்ந்திருந்தாள். "நல்ல நாள் பாத்துத்தான் வருது" என்று மாமியார் அம்மாக்கண்ணு பக்கத்து வீட்டு வேலாயியிடம் சொல்லிவிட்டுப் போனது அவள் காதிலேயே விழுந்தது. ஊரறிந்த தேதி. எட்டு வாரம். ஒரு நாள் கூடவும் இல்லை, குறையவும் இல்லை.

ஜன்னல் கண்ணாடியை மூடுபனி அப்பிக்கொண்டிருந்தது. எதிர்ச் சரிவில் இருக்கும் முட்டைக்கோஸ் தோட்டத்திலிருந்து கோழி எரு வாடை இடுக்கு வழியாக உள்ளே வந்து, தரை துடைத்த மருந்து வாடையோடு கலந்து நின்றது. ஸ்கேன் இயந்திரத்துக்குள் ஏதோ ஒரு சின்ன விசிறி உர்ரென்று சுற்றிக்கொண்டே இருந்தது. கட்டிலின் தலைமாட்டில் அம்மாக்கண்ணு குடையை இரண்டு கையாலும் பிடித்தபடி நின்றாள். மிஸ்ஸி திரையை வசுமதி பக்கம் திருப்பினார்.

"இங்க பாருங்க. இதுதான் உங்க பிள்ளை."

கறுப்புப் பைக்குள், அடியில், ஒரு மொச்சைக்கொட்டை அளவு வெளுப்பு. அதன் நடுவில் என்னவோ துடித்தது. நிற்காமல், அவசர அவசரமாக, யாரோ துரத்துவதுபோலத் துடித்தது. அதைப் பார்த்ததும் வசுமதிக்கு அது வேண்டும் என்று இருந்தது. அவ்வளவுதான். போன தீபாவளியிலிருந்து அவளுக்கு எதுவும் வேண்டும் என்று தோன்றியதில்லை. சோறோ, தூக்கமோ, புருஷன் பேச்சோ. பல் பிடுங்க ஊசி போட்ட ஈறு மாதிரி உள்ளே எல்லாம் மரத்துக் கிடந்தது. இந்த மொச்சைக்கொட்டை மட்டும் வேண்டும்.

"இன்னொண்ணும் இருக்கு," என்றார் மிஸ்ஸி.

கருவி இடப்பக்கம் நகர்ந்தது. மெல்லிய சவ்வு ஒன்று கோடுபோலத் தெரிந்தது. அதற்கு அப்பால் மொச்சைக்கொட்டை இல்லை, முழு உருவம். தலை. முதுகெலும்பு. மடக்கி வைத்த முழங்கால்கள். முகம் அந்தப் பக்கம் திரும்பியிருந்தது. அதில் எதுவும் துடிக்கவில்லை.

"ரெட்டையா மிஸ்ஸி?" அம்மாக்கண்ணுவின் குரலில் சந்தோஷம்.

"கொஞ்சம் இருங்கம்மா." மிஸ்ஸி குரலைத் தாழ்த்தினார். "ரெட்டைதான். ஆனா ஒண்ணுக்குத்தான் ஹார்ட்பீட் இருக்கு. இப்படி வர்றது உண்டுலா, பயப்படாதீங்க. நெறைய பேருக்கு ரெண்டா ஆரம்பிச்சு ஒண்ணா முடியும். நின்னு போனது உள்ளயே தானா கரைஞ்சிடும்."

சொல்லிவிட்டு அவர் மறுபடி அளந்தார். திரையில் சின்னச் சிலுவைக் குறி ஒன்று தலை உச்சியில் விழுந்தது, இன்னொன்று இடுப்படியில். இரண்டுக்கும் நடுவே புள்ளிக்கோடு நீண்டது.

"நின்னு போனதுன்னா சின்னதாத்தானே இருக்கணும். இது பெருசா இருக்கு. அதான் எனக்குப் புரியல. பதினாலு வாரம், ஒரு நாள் காட்டுது."

பதினாலு வாரம், ஒரு நாள். வசுமதிக்குத் தெரிந்த கணக்கு அது. தீபாவளி கழிந்த அந்த வெள்ளிக்கிழமை காலையில், கைப்பேசியில் அவள் ரகசியமாக வைத்திருந்த கர்ப்பக் கணக்கு ஆப்பில் அதே எண்தான் வந்திருந்தது. உங்கள் குழந்தை இப்போது ஒரு எலுமிச்சம்பழ அளவு. அன்று சாயங்காலம் அதை அழித்துவிட்டாள்.

"இதுக்கு முன்ன உண்டாகி இருந்தீங்களா வசுமதி? கலைஞ்சது, கிலைஞ்சது?"

வசுமதி வாயைத் திறப்பதற்குள் அம்மாக்கண்ணு முந்திக்கொண்டாள். "அதெல்லாம் இல்ல மிஸ்ஸி. இதுதான் தலைச்சன்."

மிஸ்ஸி குனிந்து புத்தகத்தில் எழுதினார். கருவியைப் பிடித்த அவருடைய இடது கை வயிற்றின்மேல் அசையாமல் இருந்தது. அம்மாக்கண்ணு புத்தகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். திரையைப் பார்த்துக்கொண்டிருந்தது வசுமதி மட்டும்தான். அந்தப் பக்கம் திரும்பியிருந்த பெரிய தலை மெல்ல, மிக மெல்ல, சுற்றி இந்தப் பக்கம் வந்தது. தன்னைப் பற்றி யாரோ பேசியது அதன் காதில் விழுந்துவிட்டது என்று அவளுக்குத் தோன்றியது.

மிஸ்ஸி டிஷ்யூவை எடுத்துக் கொடுத்தார். வசுமதி வயிற்றைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.

*

தீபாவளி கழிந்த வெள்ளிக்கிழமை நடந்ததை அந்த வீட்டு மூன்று பேரைத் தவிர யாரும் அறியமாட்டார்கள். நான்கு மாதம் முடிந்து நன்றாகத் தரிக்கட்டும், அதற்கு முன் வெளியே சொன்னால் கண் படும் என்று அம்மாக்கண்ணு சொல்லியிருந்ததால் கிளினிக்கில் பெயர்கூடப் பதியவில்லை. பதிவு இல்லாத பிள்ளை குளியலறையில் விழுந்தது. புருஷன் யுவனேஸ்வரன் அன்று லோரியில் காய்கறி ஏற்றிக்கொண்டு கோலாலம்பூருக்குப் போயிருந்தான். அம்மாக்கண்ணுதான் வந்து, "கண்ண மூடிக்க" என்றாள். வசுமதி மூடிக்கொண்டாள். பழைய சேலைத் துணி கிழிபடும் சத்தம் கேட்டது. பின்கதவு திறந்தது. வெகுநேரம் கழித்துக் குழாயடியில் கை கழுவும் சத்தம் கேட்டது.

"ஒண்ணுமில்ல, வெறும் கட்டிதான்," என்றாள் அம்மாக்கண்ணு. "கலைஞ்சத எண்ணக் கூடாது. எண்ணினா அடுத்தது தங்காது. புரிஞ்சுதா?"

வசுமதிக்குப் புரிந்தது. எண்ணவில்லை. மூன்றாம் நாள் தேயிலைத் தொழிற்சாலைக்கு வேலைக்குப் போய்ப் பொட்டலம் கட்டினாள். அழுகை வரும் என்று எதிர்பார்த்தாள், வரவில்லை.

இப்போது வேலைக்குப் போக வேண்டாம் என்று மிஸ்ஸி எழுதிக் கொடுத்துவிட்டார். யுவனேஸ்வரன் மத்தியானமே திரிங்காப்புக்குப் போய்விடுவான், சீன முதலாளி தவுக்கேயின் கொட்டகையில் லோரிக்குச் சரக்கு ஏற்ற. அம்மாக்கண்ணு கோலா தெர்லாவில் தக்காளி பிரிக்கும் வேலை முடிந்து வர ஐந்து மணியாகும். அதுவரை வீட்டில் வசுமதி தனியாக இருந்தாள். தனியாக என்று சொல்வது சரியா என்று அவளுக்கே தெரியவில்லை.

பின்மத்தியானம் மூன்று மணிக்குப் பள்ளத்திலிருந்து மூடுபனி ஏறி வரும். முதலில் கீழ்ச்சரிவுத் தேயிலை வரிசைகள் மறையும், அப்புறம் குழாயடி, அப்புறம் பின்கதவுக்கு வெளியே இருக்கும் மூன்று வரிசைச் செடிகள். தொழிற்சாலையில் இலை வாட்டும் விசிறிகளின் ஓசை மட்டும் அந்த வெளுப்புக்குள்ளிருந்து வந்துகொண்டே இருக்கும். பச்சை இலை வாடும் இனிப்பும் துவர்ப்புமான வாசனை துணிகளிலும் தலைமுடியிலும் ஒட்டிக்கொள்ளும். அந்த ஓசைக்கு அடியில் இன்னொரு ஓசை கேட்பதாக அவளுக்குத் தோன்றியது. குளியலறையில் தண்ணீர் சொட்டுவதுபோல. குழாயை இறுக்கிப் பார்த்தாள். சொட்டவில்லை. கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தால் மறுபடி கேட்டது. அது வீட்டிலிருந்து வரவில்லை என்று புரிய அவளுக்கு இரண்டு நாள் பிடித்தது.

அசைவு தெரிய இன்னும் இரண்டு மாதம் ஆகும் என்று மிஸ்ஸி சொல்லியிருந்தார். ஆனால் இடப்பக்கம் தெரிந்தது. உதையோ துள்ளலோ இல்லை. படுக்கையில் ஒரு ஆள் தூக்கம் வராமல் புரண்டு படுப்பதுபோல, மெதுவாக, கனமாக. மொச்சைக்கொட்டை வலப்பக்கம் இருந்தது. இது அதுவாக இருக்க முடியாது.

கிளினிக்கில் அச்சடித்துக் கொடுத்த ஸ்கேன் படத்தை அம்மாக்கண்ணு சாமி படத்துக்குக் கீழே சாய்த்து வைத்திருந்தாள். முதல் நாள் பார்த்தபோது பெரியதுக்கும் சின்னதுக்கும் நடுவே ஒரு விரல் வைக்கும் அளவு கறுப்பு இருந்தது. வசுமதி விரலை வைத்தே பார்த்திருந்தாள். பத்து நாள் கழித்து வைத்துப் பார்த்தபோது விரல் பெரியதின் தோளை மறைத்தது. விளக்குச் சூட்டில் அந்த மாதிரித் தாள் கறுத்துப் போகும், உருவம் கலங்கும், அவளுக்கும் தெரியும். படத்தை எடுத்துக் குப்புறக் கவிழ்த்து வைத்தாள். மறுநாள் விளக்கேற்ற வந்த மாமியார் நிமிர்த்தி வைத்துவிட்டாள்.

அன்று மத்தியானம் புறப்படத் தயாரான யுவனேஸ்வரனிடம் கேட்டாள்.

"ஏங்க, மிஸ்ஸிகிட்ட சொல்லிடலாமா?"

"எத?"

"முன்ன உண்டானத. இது தலைச்சன் இல்லன்னு."

அவன் லோரிச் சாவியைத் தேடுவதுபோல முதுகைக் காட்டிக்கொண்டு நின்றான். சாவி அவன் கையிலேயே இருந்தது. "அம்மாதான் சொல்ல வேணாம்னுச்சே. முடிஞ்சு போனத எதுக்குலா கிளறிக்கிட்டு?" என்றான். பிறகு திரும்பி, "நல்லா சாப்பிடு," என்று சொல்லிவிட்டுப் போனான்.

அவள் சாப்பிட்டுக்கொண்டுதான் இருந்தாள். எவ்வளவு தின்றாலும் பசித்தது. சோறு, ரொட்டி, மீகூன். எல்லாம் தின்ற பிறகும் நாக்கு ஒன்றைத் தேடியது, மண். தைப்பூசம் முடிந்து இரண்டாம் வாரமே, உண்டானது தெரியும் முன்பே, அந்த ஆசை வந்துவிட்டது. மசக்கைக்கு முன்னாடியே மசக்கை. பின்கதவைத் திறந்து, மூன்றாவது வரிசையில் மற்றதைவிடத் தழைத்து நிற்கும் ஒரு தேயிலைச் செடியின் அடியில் குனிந்து, ஈர மண்ணில் ஒரு சிட்டிகை எடுத்து நாக்கில் வைப்பாள். நறநறவென்று பல்லில் பட்டதும்தான் உள்ளே சற்று அடங்கும்.

*

சித்திரை முடியும் முன் இரண்டாவது ஸ்கேன். தேதிப்படி பன்னிரண்டு வாரம்.

சின்னது நன்றாக இருந்தது. கை முளைத்திருந்தது, கால் முளைத்திருந்தது. மிஸ்ஸி இதயத் துடிப்பைச் சத்தமாக வைத்தார். குதிரை ஓடுவதுபோல அறை முழுக்கக் கேட்டது. நூற்று அறுபது என்றார். வசுமதி அந்தச் சத்தத்துக்குள்ளேயே கொஞ்ச நேரம் இருந்தாள். சந்தோஷம் இப்படித்தான் இருக்கும் போல என்று நினைத்துக்கொண்டாள்.

பிறகு கருவி இடப்பக்கம் போனது. போக வேண்டியிருக்கவில்லை. பெரியது அங்கே இல்லை. அது வலப்பக்கம் வந்திருந்தது.

"சவ்வு ஒண்ணு இருந்துச்சே," என்று மிஸ்ஸி தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். "நடுவுல."

சவ்வு இல்லை. பெரியதின் நெற்றி சின்னதின் முதுகைத் தொட்டுக்கொண்டிருந்தது. மிஸ்ஸி அளந்தார். அழித்துவிட்டு மறுபடி அளந்தார். பதினெட்டு வாரம். அதன் நெஞ்சின்மேல் கருவியை வைத்து வெகுநேரம் காத்திருந்தார். எதுவும் துடிக்கவில்லை.

"மிஸ்ஸி, செத்தது வளருமா?" என்று வசுமதி கேட்டாள்.

"வளராதும்மா."

"வளந்திருக்கே."

"மொதல்ல அளந்தது தப்பா இருக்கும்லா." மிஸ்ஸி அவள் முகத்தைப் பார்க்கவில்லை. வெளியே போய் டாக்டரிடம் பேசிவிட்டு வந்தார். ஈப்போ பெரிய ஆஸ்பத்திரியில் ஸ்கேன் பார்க்கச் சொல்லிக் கடிதம் கொடுத்தார்கள். அடுத்த வாரமே தேதி. அந்த வாரம் நான்கு நாள் விடாமல் மழை பெய்து, பாதையில் மண் சரிந்து, போக்குவரத்தை நிறுத்திவிட்டார்கள். தேதி தள்ளிப் போனது. மறுபடியும் தள்ளிப் போனது. லோரிக்காரர்களே தவியாய்த் தவித்துக்கொண்டிருந்தபோது லயத்துப் பெண்ணின் ஸ்கேனுக்கு யார் வழி விடுவார்கள்?

மழை விட்ட அன்று அம்மாக்கண்ணு வழக்கத்தைவிடச் சீக்கிரம் வீட்டுக்கு வந்தாள். வசுமதி பின்கதவுப் படியில் உட்கார்ந்திருந்தாள்.

"வாயில என்னடி?"

"மண்ணு அத்த."

அம்மாக்கண்ணு சிரித்தாள். "வயித்துப்பிள்ளக்காரி மண்ணு திங்கறது புதுசா? உன் புருஷன் உள்ள இருந்தப்ப நான் அடுப்புச் சாம்பலா அள்ளித் தின்னேன். எங்க எடுத்த? மருந்தடிச்ச எடமா இருக்கப் போவுது."

"இங்கதான். மூணாவது வரிசையில. அந்தத் தழைச்ச செடிக்கு அடியில."

சிரிப்பு முகத்திலேயே இருந்தது, ஆனால் அதில் யாரும் இல்லை. அம்மாக்கண்ணு கையிலிருந்த தக்காளிப் பையைக் கீழே வைத்தாள். அது சாய்ந்து, தக்காளி ஒவ்வொன்றாகப் படியில் உருண்டு போனது. அவள் எடுக்கவில்லை.

"எவ்வளவு நாளா?"

"தைப்பூசத்துக்கு அப்புறமிருந்து. ஏன் அத்த?"

மாமியார் படியில் உட்கார்ந்தாள். அவள் தொடையும் வசுமதியின் தொடையும் பட்டுக்கொண்டிருந்தன.

"கட்டின்னு சொன்னேன்ல. கட்டி இல்ல. முழுசா இருந்துச்சு. ஆம்பளப் பிள்ள. கண்ணு மூடியிருந்துச்சு, வாய் மட்டும் தொறந்திருந்துச்சு. எதையோ கேக்குற மாதிரி." முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு எடுத்தாள். "நான் ஒண்ணுமே குடுக்கலடி. ஒரு சொட்டுப் பாலு தொட்டு வச்சிருக்கலாம். ஒரு பேரு சொல்லியிருக்கலாம். அந்தச் செடிக்கு அடியில அப்படியே மூடிட்டு வந்துட்டேன். பிள்ள கேக்குறதக் குடுத்துடணும் வசு. ஏக்கத்தோட விடக் கூடாது."

வசுமதிக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். குமட்டல் வந்திருக்க வேண்டும். நாக்கால் பல்லிடுக்கைத் துழாவினாள், இன்னும் கொஞ்சம் மண் இருந்தது. விழுங்கிவிட்டாள்.

*

மறுநாள் மத்தியானம், மூடுபனி குழாயடி வரை வந்த பிறகு, அவள் ஒரு கிண்ணத்தில் பாலை எடுத்துக்கொண்டு மூன்றாவது வரிசைக்குப் போனாள். தழைத்த செடியின் அடியில் குந்தி உட்கார்ந்து பாலை ஊற்றினாள். மண் சட்டென்று குடித்தது. தொழிற்சாலை விசிறிகள் ஓடிக்கொண்டிருந்தன. அதற்கு அடியில் அந்தச் சொட்டும் சத்தம் கேட்டது. இப்போது அது சொட்டும் சத்தம் இல்லை என்று தெரிந்தது. வாய் சப்பும் சத்தம்.

அவளுக்குப் பயமாக இருந்தது. மரத்துப் போன உடம்புக்குள் பயம் எங்கோ தூரத்தில், அடுத்த லயத்தில் யாரோ அழுவதுபோலக் கேட்டது. பேசினாள்.

"நீதான்யா தலைச்சன். தப்பா சொல்லிட்டோம். உன்னை இல்லைன்னு சொல்லிட்டோம். நான் கண்ண மூடிக்கிட்டேன், உன் மூஞ்சியக்கூடப் பாக்கல. நீதான் மூத்தவன். உனக்கு அப்புறம்தான் எல்லாம்."

இடப்பக்கம் இல்லை, வலப்பக்கம் இல்லை, வயிறு முழுக்க ஏதோ அசைவை நிறுத்திவிட்டுக் கேட்டது.

"உனக்கு என்ன வேணுமோ எடுத்துக்க. அம்மா ஒண்ணும் சொல்லமாட்டேன்."

சின்னதை விட்டுவிடு என்று சொல்லத்தான் வந்திருந்தாள். வரும் வழியெல்லாம் அதைத்தான் மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்தாள். ஆனால் சின்னதைப் பற்றி வாயால் சொன்னால் மூத்தவன் கண் சின்னதின்மேல் விழுந்துவிடுமோ என்று தோன்றியது. நல்லதை எடுத்துச் சொன்னால் கண் படும். அப்படிக் கேட்டே வளர்ந்தவள். அதனால் சின்னதைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தையும் சொல்லாமல் எழுந்து வந்துவிட்டாள்.

அன்று சாயங்காலம் அவளுக்குப் பசிக்கவில்லை. இத்தனை நாளில் முதல் தடவை. மறுநாளும் பசிக்கவில்லை. வயிறு நிறையத் தின்றுவிட்டுப் படுத்த மாதிரி ஒரு கனமும் திருப்தியும் உடம்பு முழுக்க இருந்தது. மண் ஆசை போய்விட்டது. சொட்டும் சத்தம் இல்லை. புரளல் இல்லை. "பாத்தியா, அடங்கிடுச்சு," என்றாள் அம்மாக்கண்ணு. யுவனேஸ்வரன் பிரிஞ்சாங்கிலிருந்து ஸ்ட்ராபெரி வாங்கி வந்தான். வசுமதி இரண்டு தின்றாள். பதினைந்து நாள் நன்றாகத் தூங்கினாள்.

*

மூன்றாவது ஸ்கேன். தேதிப்படி பதினாறு வாரம். ஈப்போ தேதி இன்னும் வரவில்லை, அதுவரைக்கும் இங்கேயே ஒரு தடவை பார்த்துவிடலாம் என்று மிஸ்ஸி கூப்பிட்டிருந்தார். அம்மாக்கண்ணு வெளியே பெஞ்சில் உட்கார்ந்துகொண்டாள். அறையில் அவர்கள் இரண்டு பேர் மட்டும். ஜன்னல் முழுக்க வெளுப்பு.

படுக்கும் முன் வசுமதி சொல்லிவிட்டாள். "மிஸ்ஸி, இது தலைச்சன் இல்ல. தீபாவளிக்கு அப்புறம் ஒண்ணு போயிருச்சு. பதினாலு வாரம், ஒரு நாள்."

மிஸ்ஸி அவளையே பார்த்தார். திட்டப் போகிறார் என்று நினைத்தாள். திட்டவில்லை. புத்தகத்தைத் திறந்து, எத்தனையாவது கர்ப்பம் என்ற இடத்தில் இருந்த ஒன்றைக் கோடு போட்டு அடித்துவிட்டு, பக்கத்தில் இரண்டு என்று எழுதினார். "மொதல்லயே சொல்லியிருக்கலாம்லம்மா," என்றார், மெதுவாக.

ஜெல். ஜில்லென்று. கருவி அழுந்தியது.

மிஸ்ஸி முதலில் சத்தத்தைத் தேடினார். உடனே கிடைத்தது. ஓட்டம். குதிரை ஓட்டம். வசுமதி மூச்சை விட்டாள்.

"அப்பாடா. கேக்குதா? நூத்தி நாப்பத்தெட்டு. நல்லா இருக்கு." மிஸ்ஸியும் மூச்சை விட்டார். "இப்ப எங்க இருக்காருன்னு பாப்போம்."

வலப்பக்கம் பார்த்தார். இடப்பக்கம் பார்த்தார். மேலே. அடியில். பை முழுக்க ஒரே ஒரு உருவம்தான் இருந்தது. பெரியது. இருபத்திரண்டு வாரம்.

"சின்னதக் காணோமே."

மறுபடி தேடினார். வசுமதியை ஒருக்களிக்கச் சொன்னார். மறுபக்கம் திரும்பச் சொன்னார். இல்லை.

"அப்ப ஒண்ணுதான். நாங்கதான் மொதல்ல தப்பா பாத்துட்டோம் போல. இதுக்குத்தான் ஹார்ட்பீட் இருந்திருக்கு." அவர் சிரிக்கப் பார்த்தார். "எவ்வளவு நாளா உங்களப் பயமுறுத்திட்டோம் பாருங்க."

நெஞ்சைக் காட்டுகிறேன் என்று கருவியை மேலே நகர்த்தினார். விலா எலும்புகள் வரிசையாக, வெள்ளையாகத் தெரிந்தன. அவற்றுக்குள் இதயம் இருந்தது. நான்கு அறைகளும் தெரிந்தன.

அசையவில்லை.

ஓட்டச் சத்தம் தேய்ந்தது.

மிஸ்ஸி கருவியைக் கொஞ்சம் கீழே இறக்கினார். சத்தம் கூடியது. இன்னும் கீழே. இன்னும் கூடியது. விலா எலும்பு முடிந்தது. பெரியதின் வயிறு வந்தது. உப்பிய வயிறு.

உள்ளே இருந்தது.

சுருண்டு. கை முளைத்து, கால் முளைத்து. வசுமதிக்குத் தெரிந்த அதே சின்ன முதுகு. நடுவில் துடித்தது. நிற்காமல், அவசர அவசரமாக.

மிஸ்ஸி சத்தத்தை நிறுத்தினார். அறையில் விசிறியின் உர்ர் மட்டும். திரையில் துடிப்பு நிற்கவில்லை.

"மிஸ்ஸி," என்றாள் வசுமதி. "அது உயிரோட இருக்கா?"



அவள் கண்ணை மூடவில்லை. பார்த்துக்கொண்டே இருந்தாள். இதயம் அசையாத அந்தப் பெரிய உருவம், முகத்தருகே வைத்திருந்த இரண்டு கைகளையும் மெல்லக் கீழே இறக்கியது. பத்து விரலும் விரிந்தன. தன் வயிற்றைச் சுற்றி வளைத்து, உள்ளே இருப்பது விழுந்துவிடாமல், இறுகப் பிடித்துக்கொண்டது.